ஒரே ஒரு பகடி நாவல், தன்னை எழுதியவரையே விழுங்கிவிட்டதா? (ஸ்டெல்லா கிப்பன்ஸ்)

தேரிக்காட்டான் எழுதியது:

அனைவருக்கும் வணக்கம். போன மாதம் பழைய புத்தகக் கடையில் முதுகு கிழிந்த பெங்குவின் பதிப்பு ஒன்று நாற்பது ரூபாய்க்குக் கிடைத்தது. ஸ்டெல்லா கிப்பன்ஸ் எழுதிய 'கோல்டு கம்ஃபர்ட் ஃபார்ம்', 1932-இல் வந்த நாவல். பெயரை எங்கோ கேட்ட ஞாபகம் இருந்ததால் எடுத்துவிட்டேன். ஃப்ளோரா என்ற நகரத்துப் பெண், கிராமத்துப் பண்ணை ஒன்றில் இருக்கும் சொந்தக்காரர்களிடம் போய் அவர்களைத் திருத்தப் பார்க்கும் கதை.

முன்னுரையைத் தாண்டிவிட்டு நேராகக் கதைக்குள் இறங்குவது என் கெட்ட பழக்கம். மூன்றாம் அத்தியாயத்தில் ஒரு பத்தியின் தலையில் நட்சத்திரக் குறி இருந்தது. அடிக்குறிப்பாக இருக்கும் என்று பக்கத்தின் அடியில் தேடினேன், இல்லை. புத்தகத்தின் கடைசியில் புரட்டினேன், அங்கும் இல்லை. பத்தி என்னவோ பயங்கரமாக இருந்தது. விடியல் ஏதோ வெள்ளை மிருகம் மாதிரி ஊர்ந்து வருகிறது, காற்று முள்மரக் கிளைகளைக் கடித்துத் தின்கிறது. இன்னும் பத்துப் பக்கம் போனால் மறுபடி நட்சத்திரம். அச்சுக்கோப்பவர் தூங்கிவிட்டார் போல என்று நினைத்துக்கொண்டேன்.

அப்புறம்தான் முன்னுரைக்குத் திரும்பினேன். பயண வழிகாட்டி நூல்களில் பார்க்கவேண்டிய கோயிலுக்கும் கோட்டைக்கும் நட்சத்திரம் போடுவார்களே, அதுபோலத் தன் நாவலில் உள்ள 'உயர்ந்த' பத்திகளுக்கு ஒன்று, இரண்டு, மூன்று என்று நட்சத்திரம் போட்டிருக்கிறாராம். படிப்பவர் இது இலக்கியமா வெறும் உளறலா என்று குழம்பக் கூடாதாம்! நடு ராத்திரியில் தனியாகச் சிரித்தேன்.

இரண்டு சந்தேகம். யாரையோ கேலி செய்கிறார் என்று தெரிகிறது, அந்த மூலத்தைப் படித்தால்தான் முழுசாக ரசிக்க முடியுமா? இந்த அம்மா வேறு என்ன எழுதினார்? எங்கே தேடினாலும் இந்த ஒரு நூலைத்தான் காட்டுகிறார்கள்.


நூலகத்து எறும்பு எழுதியது:

தேரி, அந்த நட்சத்திரப் பொறியில் விழாத ஆளில்லை.

வேறு என்ன எழுதினார் என்று கேட்டீர்கள். இருபதுக்கும் மேற்பட்ட நாவல்கள், மூன்று சிறுகதைத் தொகுப்புகள், கவிதை நூல்கள். 1930-இல் முதலில் வந்ததே 'தி மவுண்டன் பீஸ்ட்' என்ற கவிதைத் தொகுப்புதான். தன்னைக் கவிஞர் என்றே நினைத்துக்கொண்டிருந்தார். 'தி ஜிராஃப்ஸ்' என்ற அவருடைய கவிதையை டி. எஸ். எலியட் தன் 'கிரைடீரியன்' இதழில் போட்டார். பகடிக்கெல்லாம் அதற்கப்புறம்தான் வந்தார்.

1902-இல் லண்டனில், கெண்டிஷ் டவுனில் பிறந்தவர். அப்பா மருத்துவர். ஏழை நோயாளிகளுக்கு நல்ல டாக்டர், வீட்டுக்குள் வந்தால் குடியும் கோபமும். அப்பா கத்தும்போது தம்பிகள் இருவரையும் உட்கார வைத்துக் கதை சொல்வாராம் இந்தப் பெண். நாவலில் ஆளாளுக்கு ஒரு சாபத்தைப் பிடித்துக்கொண்டு உறுமுகிறார்களே, அந்த வீடு வெறும் புத்தகத்திலிருந்து மட்டும் வந்ததில்லை என்பது என் எண்ணம்.

யூனிவர்சிட்டி காலேஜில் இதழியல் படித்தார். முதல் உலகப் போரிலிருந்து திரும்பிய சிப்பாய்களுக்காகத் தொடங்கிய இரண்டாண்டுப் படிப்பு அது. பிறகு ஒரு செய்தி நிறுவனத்தில், வெளிநாட்டிலிருந்து வரும் தந்திகளை ஒழுங்கான ஆங்கிலமாக்கும் வேலை. சுருக்கமாக, துல்லியமாக எழுதும் பழக்கம் அங்கே வந்ததுதான். 1926-இல் சில மாத இடைவெளியில் அம்மாவும் போனார், அப்பாவும் போனார். அதே ஆண்டில் பவுண்டுக்கு எத்தனை பிராங்க் என்ற கணக்கைத் தவறாகப் போட்டு வேலையும் போனது. தம்பிகளோடு ஹாம்ப்ஸ்டெட்டில் ஒரு சின்ன வீட்டில் இருந்துகொண்டு, 'ஈவினிங் ஸ்டாண்டர்டு' பத்திரிகையில் சேர்ந்தார்.

இப்போது உங்கள் முதல் கேள்வி. 1928-இல் பிரதமர் ஸ்டான்லி பால்டுவின் ஒரு விருந்தில், முந்தின வருடம்தான் இறந்துபோன மேரி வெப் என்ற நாவலாசிரியரைப் புகழ்ந்து பேசினார். உயிரோடு இருந்தபோது அதிகம் விற்காத வெப், அந்தப் பேச்சுக்கப்புறம் அமோகமாக விற்கத் தொடங்கினார். 'ஈவினிங் ஸ்டாண்டர்டு' அவருடைய முதல் நாவலைத் தொடராகப் போட முடிவு செய்தது. தொடர்கதை என்றால் 'முன்கதைச் சுருக்கம்' வேண்டுமே, அதை எழுதும் பொறுப்பு கிப்பன்ஸ் தலையில் விழுந்தது. மண்வாசனை, விதி, காமம், மழை, புலம்பல் எல்லாவற்றையும் ஒவ்வொரு தடவையும் நாலு வரிக்குள் அடக்கு என்றால் யாருக்குத்தான் பகடி வராது?


சைக்கிள் தாத்தா எழுதியது:

முன்கதைச் சுருக்கம் எழுதியவர்கள் எல்லாம் நாவல் எழுதியிருந்தால் நம் வார இதழ்கள் தாங்கியிருக்காது.

இன்னொன்றையும் சொல்லிவிடுகிறேன். 1933-இல் அவர் கல்யாணம் செய்துகொண்ட நடிகர், பாடகர் பெயர் ஆலன் வெப். ஊர் பூராவும் மேரி வெப்பைக் கேலி செய்துவிட்டுக் கடைசியில் திருமதி வெப் ஆகிவிட்டார்!


மணிமேகலை எழுதியது:

எல்லோரும் சிரிப்பதைப் பார்த்தால் கொஞ்சம் வருத்தமாக இருக்கிறது. நான் மேரி வெப்பை முதலில் படித்தவள். 'பிரெஷியஸ் பேன்' 1924-இல் வந்தது. கதை சொல்லும் ப்ரூ சார்ன் பிறவியிலேயே உதடு பிளந்தவள், ஊர் அவளைச் சூனியக்காரி என்கிறது. மேரி வெப்பே தைராய்டு நோயால் முகம் மாறிப்போனவர். ஷ்ரூஸ்பரி சந்தையில் தன் தோட்டத்துப் பூவையும் காயையும் தானே கொண்டுபோய் விற்றவர். கிராமத்தைத் தூரத்தில் நின்று பார்த்து எழுதியவர் இல்லை. 46 வயதில் போய்ச் சேர்ந்துவிட்டார்.

லண்டனில் உட்கார்ந்த ஒரு பெண், தந்தி திருத்திய பெண், 'என்னம்மா இப்படி அழுகிறீர்கள், குளித்துவிட்டு வேலையைப் பாருங்கள்' என்று கிராமத்தைப் பார்த்துச் சொல்வதுதானே இந்த நாவல்? ஃப்ளோரா போஸ்ட் என்ற அந்தக் கதாநாயகி செய்வது அதைத்தான். இன்று மேரி வெப்பை யாரும் படிப்பதில்லை. படித்தவர்களும் 'ஓ, அந்தக் கேலி நூலில் வருவது மாதிரி' என்கிறார்கள். விழுங்கப்பட்டது கிப்பன்ஸ் இல்லை, வெப்தான்.


ஒற்றைப்பனை எழுதியது:

மணிமேகலை அக்கா, பாதி ஒப்புக்கொள்கிறேன். ஆனால் கேலி கிராமத்தின் மீதா, கிராமத்தைப் பற்றி எழுதும் விதத்தின் மீதா?

ஒரு காட்சியைக் கிட்டே போய்ப் பாருங்கள். ஆடம் என்று தொண்ணூறு வயது மாட்டுக்காரக் கிழவர். பாத்திரத்தை ஒரு முள்குச்சியால் சுரண்டிச் சுரண்டிக் கழுவுகிறார், வேறு எதனாலும் தொடமாட்டார். ஃப்ளோரா நகரத்துப் பெண் ஆயிற்றே, கைப்பிடி வைத்த ஒரு குட்டித் துடைப்பானை வாங்கிக் கொடுக்கிறாள். கிழவர் அதைப் பார்க்கிறார், தடவுகிறார். இவ்வளவு அழகான சாமானைப் பாத்திரத்தில் போட்டு அழுக்காக்கவா என்று அதை மாட்டி வைத்துவிட்டு மறுபடி முள்குச்சியையே எடுக்கிறார்.

இங்கே தோற்றது யார்? சீர்திருத்த வந்தவள்தான் அசடு வழிகிறாள். கிழவரைப் பார்த்துச் சிரிக்கும்போதே அவர்மேல் பிரியமும் வந்துவிடுகிறது. கிராமத்தை வெறுப்பவர் இப்படி எழுத மாட்டார்.

அப்புறம், இலக்கு மேரி வெப் மட்டும் இல்லை. சசெக்ஸ் மாவட்டத்தை வைத்து எழுதிய ஷீலா கே ஸ்மித், காமத்தையும் மண்ணையும் குழைத்துப் பூசிய டி. எச். லாரன்ஸ் பாணி, எல்லாம் அதில் உண்டு. மொட்டு விட்ட செடியைப் பார்த்தால்கூட உடல் உறுப்பு ஞாபகம் வரும் மிஸ்டர் மைபக் என்ற அறிவுஜீவி வருகிறாரே, அவர் கிராமத்தானா? சுத்தமான லண்டன் சரக்கு. முன்னுரையே ஒரு கற்பனைப் பிரபல எழுத்தாளருக்கு எழுதிய கடிதம்தான். அவர் பெயருக்குப் பின்னால் சில எழுத்துப் பட்டங்கள் இருக்கும். 'துணை முதுகுசொறிவாளர்', 'உரிமம் பெற்ற பரஸ்பரப் புகழ்ச்சியாளர்' என்று வைத்துக்கொள்ளலாம். ஹியூ வால்போல் என்ற அன்றைய நாவலாசிரியரை மனதில் வைத்து எழுதியது. இலக்கிய வட்டாரத்துக்கு விழுந்த அடிதான் பலமானது.


நூலகத்து எறும்பு எழுதியது:

அக்கா, ஷீலா கே ஸ்மித் சும்மா இருக்கவில்லை. 1939-இல் தன் நாவல் ஒன்றில் 'கோல்டு கம்ஃபர்ட் ஃபார்ம்' நூலைச் சிரித்த முகத்தோடு ஒரு குத்து குத்தினார். கணக்கு நேர்.

இன்னொரு வேடிக்கை. 'ஃபெமினா வீ உரூஸ்' என்ற பரிசு. பிரெஞ்சுப் பரிசு, அந்தக் காலத்தில் ஆங்கில நாவலுக்கும் கொடுத்தார்கள். மேரி வெப்பின் 'பிரெஷியஸ் பேன்' அதை வாங்கியது. வர்ஜீனியா வுல்ஃபின் 'டு தி லைட்ஹவுஸ்' வாங்கியது. அப்புறம் அதே பரிசு 'கோல்டு கம்ஃபர்ட் ஃபார்ம்' நூலுக்கும் கிடைத்தது. அழவைத்ததற்கும் பரிசு, அந்த அழுகையைக் கேலி செய்ததற்கும் பரிசு. தொகை நாற்பது பவுண்டு. வுல்ஃப் கொதித்துப்போய் சக எழுத்தாளர் எலிசபெத் போவனுக்கு ஒரு கடிதம் எழுதினார். யார் இந்த கிப்பன்ஸ், இது என்ன புத்தகம் என்று கேட்டார்.


சைக்கிள் தாத்தா எழுதியது:

நாற்பது பவுண்டுக்கா இந்தக் கொதிப்பு? வுல்ஃப் அம்மாமேல் இருந்த மரியாதை இன்னும் கூடிவிட்டது, அவரும் நம்மைப் போலத்தான்.

அயர்லாந்தில் இந்த நூலைத் தடை செய்தார்கள் என்பதையும் சேர்த்துக்கொள்ளுங்கள். வருடா வருடம் சூக்பைண்ட் என்ற செடி பூக்கும்போது தவறாமல் கர்ப்பமாகும் மெரியம் என்ற வேலைக்காரப் பெண்ணிடம், அதற்கு வழி இருக்கிறதே என்று ஃப்ளோரா நிதானமாக எடுத்துச் சொல்வாள். கருத்தடை பற்றிய பேச்சு, விடுவார்களா?


மாடிவீட்டுப் பூனை எழுதியது:

அந்த சூக்பைண்ட் என்னை ஒரு வாரம் தூங்கவிடவில்லை. பொழுதுபோக்காக இந்த நாவலில் இரண்டு அத்தியாயத்தைத் தமிழில் போட்டுப் பார்த்தேன். தாவரவியல் அகராதி எல்லாம் புரட்டியாயிற்று. அப்புறம்தான் தெரிந்தது, அப்படி ஒரு செடியே உலகத்தில் கிடையாது, கிப்பன்ஸ் உண்டாக்கியது. ஆடம் முள்குச்சியால் செய்வதற்கு 'கிளெட்டர்' என்று ஒரு வினைச்சொல் வரும், அதுவும் உண்டாக்கியதுதான். நிஜ வட்டாரச் சொல்லையும் கப்சாவையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்துவிடுகிறார், எது எது என்று லண்டன் வாசகருக்குத் தெரியாது. வட்டார வழக்கு என்றாலே பயபக்தியோடு தலையாட்டும் வாசகரைத்தான் கிண்டல் செய்கிறார்.

மாடுகளின் பெயர் சுலபமாக வந்தது. நளினங்கெட்டவள், துப்புக்கெட்டவள், போக்கத்தவள், ஒன்றுக்கும் ஆகாதவள். காளையின் பெயர் 'பிக் பிசினஸ்', அதை அப்படியே விட்டுவிட்டேன். 'கிளெட்டர்' என்ற சொல்லுக்குத்தான் முழி பிதுங்கியது. கடைசியில் 'சொரவட்டுதல்' என்று போட்டேன். 'கிழவன் தட்டுகளைச் சொரவட்டிக்கொண்டிருந்தான்.'


ஒற்றைப்பனை எழுதியது:

சொரவட்டுதல் அருமை! எந்தப் பக்கத்து வழக்கு? ராமநாதபுரமா?


மாடிவீட்டுப் பூனை எழுதியது:

நேற்று சாயங்காலம் எங்கள் வீட்டு மாடியில் பிறந்த வழக்கு, அண்ணா. நீங்களே நம்பிவிட்டீர்கள் என்றால் என் வேலை முடிந்தது.


சைக்கிள் தாத்தா எழுதியது:

இதே காலத்து இன்னொரு ஜோடியைச் சொல்கிறேன், செல்லரும் யேட்மனும். '1066 அண்ட் ஆல் தட்' 1930-இல் வந்தது. பள்ளிக்கூட இங்கிலாந்து வரலாற்றுப் பாடம் பரீட்சைக்கப்புறம் ஒரு பையனின் தலையில் எப்படிக் குழம்பிக் கிடக்குமோ, அப்படியே எழுதிய நூல். ஒருவர் பள்ளி ஆசிரியர், இன்னொருவர் விளம்பர வேலை பார்த்தவர். அதற்கப்புறம் குதிரையைப் பற்றி ஒன்று, தோட்டத்தைப் பற்றி ஒன்று என்று சேர்ந்து எழுதிப் பார்த்தார்கள். முதல் நூலின் பக்கத்தில் எதுவும் நிற்கவில்லை. பகடிக்காரர்களுக்கு இது எழுதாத விதி போல. ஒரு தடவைதான் குருவி உட்காரும், பனம்பழம் விழும்.


ஒற்றைப்பனை எழுதியது:

தாத்தா, அவர்களுக்கு அது விடுமுறை வேலை, வேறு பிழைப்பு இருந்தது. கிப்பன்ஸ் முழுநேர எழுத்தாளர். 1934-இல் 'பாசெட்', 1938-இல் 'நைட்டிங்கேல் வுட்', போருக்குப் பின் 1946-இல் 'வெஸ்ட்வுட்' என்று 1970 வரை விடாமல் நாவல் வந்துகொண்டிருந்தது. ராயல் சொசைட்டி ஆஃப் லிட்டரேச்சர் 1950-இல் அவரை உறுப்பினராக்கியது. எவ்வளவு எழுதினாலும் மதிப்புரைக்காரர்கள் 'கோல்டு கம்ஃபர்ட் ஃபார்ம் எழுதிய' என்றுதான் ஆரம்பிப்பார்கள். அவருக்கே சலித்துவிட்டது. அந்தப் பெயரைச் சொல்லாமல் 'அந்தப் புத்தகம்' என்பாராம். 1966-இல் 'பஞ்ச்' என்ற நகைச்சுவை இதழில் எழுதும்போது, அதை ஒரு வயசான மாமாவோடு ஒப்பிட்டார். ஒதுக்க முடியாது, தாராளமாகப் பணம் தருகிறவர், நன்றியோடுதான் இருக்கவேண்டும். ஆனால் நாலு பேர் முன்னால் மானத்தை வாங்குவார், அறுப்பார்.

பணத்துக்காகவோ என்னவோ, அவரும் அந்த மாமாவிடம் இரண்டு தடவை திரும்பிப் போனார். 1940-இல் ஒரு கிறிஸ்துமஸ் சிறுகதை, 1949-இல் 'கான்ஃபரன்ஸ் அட் கோல்டு கம்ஃபர்ட் ஃபார்ம்'. இரண்டாவதில் அந்தப் பண்ணையே அருங்காட்சியகம் மாதிரிப் பளபளவென்று ஆகி, அறிவுஜீவிகள் மாநாடு கூடும் இடமாகிவிடுகிறது. கிண்டல் பிக்காசோ பாணி ஓவியம், நவீன சிற்பம், இருத்தலியம் என்று நாலாபக்கமும் பாய்கிறது. எதிலும் ஊன்றவில்லை. நான் பாதியில் வைத்துவிட்டேன்.


மணிமேகலை எழுதியது:

'வெஸ்ட்வுட்' படித்திருக்கிறேன். கிப்பன்ஸை அந்த நாவலுக்காக மன்னித்தேன் என்று வைத்துக்கொள்ளுங்கள்.

போர்க்கால லண்டன். குண்டு விழுந்த இடங்களில் புல்லும் பூவும் முளைத்துக் கிடக்கின்றன. மார்கரெட் என்ற பள்ளி ஆசிரியை, அழகில்லாதவள், ஹாம்ப்ஸ்டெட் வெளியில் யாரோ தவறவிட்ட ரேஷன் புத்தகம் ஒன்றை எடுக்கிறாள். திருப்பிக் கொடுக்கப் போன இடத்தில், ஜெரார்டு சாலிஸ் என்ற பெரிய நாடகாசிரியரின் குடும்பம் அறிமுகமாகிறது. மார்கரெட் மயங்கிப்போய் அவர் வீட்டுப் பிள்ளைகளைப் பார்த்துக்கொள்கிறாள், சம்பளமில்லாத ஆயா மாதிரி. அவளுக்கு அது கோயில். நமக்குத்தான் அந்த வீட்டார் அவளை எப்படிப் பயன்படுத்துகிறார்கள் என்று தெரிகிறது.

சாலிஸ் என்பவர் சார்லஸ் மார்கன் என்ற நிஜ எழுத்தாளரின் நகல். நகைச்சுவை உணர்வையே மட்டமாக நினைத்தவர் மார்கன். கிப்பன்ஸ் கையில் மாட்டிக்கொண்டார். ஆனால் இந்தத் தடவை பகடி கதையின் நடுவில் உட்காரவில்லை, ஓரமாக இருக்கிறது. நடுவில் இருப்பது மார்கரெட்டின் ஏக்கம். அதைப் பார்த்துச் சிரிக்க முடியாது.

அதனால் தேரித் தம்பிக்கு என் பதில்: அவருக்குப் பகடி வற்றிப்போகவில்லை. அளவு தெரிந்து போட ஆரம்பித்தார். கூட்டம் பழைய காரத்தையே கேட்டது.


நூலகத்து எறும்பு எழுதியது:

அக்கா சொன்னதில் ஒன்று சேர்க்கிறேன். 1970-க்குப் பிறகு இரண்டு நாவல் எழுதிப் பெட்டியில் வைத்துவிட்டார், வெளியிட முயலவில்லை. கணவர் 1959-இலேயே போய்விட்டார். ஹைகேட்டில் இருந்த தன் வீட்டிலேயே வாழ்ந்து, 1989 டிசம்பரில் காலமானார். உறவில் மருமகனான ரெஜி ஆலிவர் 1998-இல் வாழ்க்கை வரலாறு எழுதினார். 2009-இல் 'நைட்டிங்கேல் வுட்', 2011-இல் 'வெஸ்ட்வுட்' மறுபதிப்பு வந்தன. பெட்டியில் கிடந்த 'ப்யூர் ஜூலியட்' 2016-இல் அச்சானது.

படமாகப் பார்க்க விரும்புவோருக்கு 1995-இல் ஜான் ஷ்லெசிங்கர் எடுத்தது இருக்கிறது. பாவிகளுக்கு நரகத்தைக் காட்டிப் பிரசங்கம் செய்யும் ஆமோஸாக இயன் மெக்கெல்லன். அந்தப் பத்து நிமிடத்துக்காகவே பார்க்கலாம்.


சைக்கிள் தாத்தா எழுதியது:

எல்லாம் சரி, விறகுக் கொட்டகையில் அந்தப் பாட்டி எதைத்தான் பார்த்தார்?


ஒற்றைப்பனை எழுதியது:

தாத்தா, அதைச் சொல்லிவிட்டால் நாவலே கிடையாது. சின்ன வயதில் கொட்டகையில் ஏதோ அசிங்கத்தைப் பார்த்துவிட்டேன் என்று சொல்லியே ஏடா டூம் பாட்டி வருடக்கணக்கில் அறைக்குள்ளேயே அடைந்து கிடந்து, மொத்தக் குடும்பத்தையும் கைக்குள் வைத்திருக்கிறார். என்ன என்று கிப்பன்ஸ் கடைசிவரை சொல்வதில்லை. ஃப்ளோராவின் அப்பாவுக்கு இவர்கள் இழைத்த 'அநியாயம்' என்ன என்பதையும் சொல்வதில்லை. சோக நாவல்களில் எல்லாக் கதவையும் திறக்கும் சாவி அதுதானே, பழைய ரகசியம். அந்தச் சாவியை எடுத்துத் தன் பாவாடைப் பையில் போட்டுக்கொண்டார்.

ஆங்கிலத்தில் இன்றும் 'விறகுக் கொட்டகையில் அசிங்கமான ஏதோ ஒன்று' என்பது புழங்குகிற தொடர். நாவலைத் தொடாதவர்களும் சொல்கிறார்கள்.


தேரிக்காட்டான் எழுதியது:

எல்லோருக்கும் நன்றி. பத்து நாள் காணாமல் போனதற்குக் காரணம் மணிமேகலை அக்காதான். 'பிரெஷியஸ் பேன்' இணையத்தில் இலவசமாகக் கிடைத்தது, அச்செடுத்துப் படித்துக்கொண்டிருக்கிறேன்.

கேலியை முதலில் படித்துவிட்டோமே, இனி இதில் ஒட்ட முடியாது என்றுதான் நினைத்தேன். ஆரம்பத்தில் ப்ரூவின் அப்பா செத்துப்போகிறார். செத்தவரின் பாவத்தைத் தின்னும் சடங்கு வருகிறது. சவப்பெட்டிக்கு மேலாக நீட்டும் ரொட்டியையும் மதுவையும் வாங்கிச் சாப்பிடுகிறவன், செத்தவரின் பாவத்தைத் தன்மேல் ஏற்றுக்கொள்கிறான். காசுக்காக அதைச் செய்ய வறியவன் எவனாவது வருவான். இங்கே மகன் கிடியன் முன்வந்து, நானே தின்கிறேன், பண்ணையை என் பேருக்கு எழுது என்று அம்மாவிடம் பேரம் பேசுகிறான். முதுகில் ஜில்லென்றது. கிப்பன்ஸ் ஞாபகத்துக்கே வரவில்லை, சத்தியமாக.

ஆனால் அதைத் தாண்டிக் கொஞ்ச தூரம் போனதும் ஏரி, காற்று, விதி என்று ஒரு பத்தி வந்தது. கையில் பென்சில் இருந்தது. யோசிக்காமல் ஓரத்தில் ஒரு நட்சத்திரம் போட்டுவிட்டேன். அக்கா மன்னிக்க வேண்டும்.


மணிமேகலை எழுதியது:

எந்தப் பத்தி? என் பிரதியில் நான் அங்கே இரண்டு போட்டிருக்கிறேன்.